சாக்குருவி என்று ஒரு குருவி இல்லை

தமிழில் ஆந்தைகளைப் பற்றி வாசிக்கலாம் என்று தேடப் போனால் கட்டுரை, காணொளி, பிள்ளைகளுக்கான படம் என்று கொஞ்சம் கிடைக்கும். அவற்றில் அடிக்கடி முதல் ஆளாக வந்து நிற்பது புள்ளி ஆந்தை. மண்ணிற உடம்பு, வெள்ளைப் புள்ளி, மஞ்சள் கண், மரப்பொந்திலும் மதில் ஓட்டையிலும் குடியிருக்கும், வீட்டுக்குப் பக்கத்திலேயே சுலபமாகப் பார்க்கலாம் என்று எழுதியிருப்பார்கள். எழுதியதில் பிழை இல்லை. தமிழ்நாட்டில் அப்படித்தான். ஆனால் நாங்கள் எங்கட வளவில் எத்தனை வருசம் காத்திருந்தாலும் அது வரப்போவதில்லை. புள்ளி ஆந்தை இலங்கையில் இல்லை.

தலைமன்னாருக்கும் தனுஷ்கோடிக்கும் இடையில் கடல் ஏறத்தாழ 30 கிலோமீற்றர்தான். படமும் பாட்டும் புத்தகமும் ஒவ்வொரு நாளும் அந்தக் கடலைத் தாண்டி வருகின்றன. புள்ளி ஆந்தை தாண்டவில்லை. அங்கே பாறைப் பக்கங்களில் இருக்கிற பெரிய கொம்பன் ஆந்தையும் தாண்டவில்லை. ஆகவே அங்கே எழுதின பட்டியலை இங்கே கொண்டுவந்து வைத்தால் பொருந்தாது. அப்படியென்றால் ராத்திரியில் எங்கட வேப்பமரத்தில் இருந்து கத்துகிறது யார்?

இந்தக் கேள்வி எங்களுக்கு வந்தது 2022இல். அந்த வருசம் மார்ச் மாதக் கடைசியில் ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம் வரை கரண்ட் இல்லாமல் போனது எல்லாருக்கும் ஞாபகம் இருக்கும். ஃபான் இல்லை, ரிவி இல்லை, போனில் சார்ஜ் இல்லை. முற்றத்தில் பாயைப் போட்டுக்கொண்டு படுத்திருந்தபோதுதான் ராத்திரிக்கு என்று ஒரு சத்தம் இருக்கிறது என்பது எங்களுக்கு விளங்கியது. நாங்கள் ஐந்து பேர். ஐந்து பேரும் வெவ்வேறு ஊர். இரண்டு பேர் வலிகாமம், ஒருத்தி தென்மராட்சி, மற்ற இரண்டு பேர் கிளிநொச்சியும் வவுனியாவும். சார்ஜ் இருந்த நேரத்தில் சத்தத்தைப் பதிவுசெய்து வட்ஸ்அப்பில் மாறி மாறி அனுப்பினோம். "இது உங்கட பக்கமும் கத்துதா?" என்பதுதான் அந்தக் குழுவில் அதிகம் எழுதப்பட்ட வசனம்.

வீட்டில் கேட்டபோது ஐந்து வீட்டிலும் ஒரே பதில்தான்.

"அது சாக்குருவி. கத்தினா எங்கயோ ஒரு சாவு விழும்."

"என்னண்டு தெரியும் அம்மம்மா?"

"உங்கட அம்மப்பா செத்த அண்டைக்கும் கத்தினது."

வேடிக்கை என்னவென்றால், ஐந்து பேரும் வீட்டில் போட்டுக் காட்டிய சத்தங்கள் ஒன்றல்ல. ஒன்று கீச்சிட்டு இழுக்கிற அலறல். ஒன்று தவளை மாதிரி விட்டுவிட்டு வருகிற ஒற்றைச் சத்தம். இன்னொன்று இரண்டிரண்டாக வருகிற மெல்லிய கூவல். மூன்று சத்தத்துக்கும் "சாக்குருவி" என்ற ஒரே பெயர். அப்போதுதான் எங்களுக்கு ஒன்று பிடிபட்டது. சாக்குருவி என்பது ஒரு பறவையின் பெயரே இல்லை. அது ஒரு பயத்தின் பெயர். பயத்தை எடுத்துவிட்டுப் பார்த்தால் அதற்குள் நாலைந்து பறவைகள் தனித்தனியாக இருக்கின்றன.

முந்திய தமிழ் இப்படி இருக்கவில்லை. கூகை, ஆந்தை, குடிஞை, ஊமன், கோட்டான் என்று எத்தனை சொல். தொல்காப்பியத்தின் மரபியல், பெண்ணுக்கு 'அளகு' என்ற பெயர் கோழிக்கும் கூகைக்கும் பொருந்தும் என்று கணக்காகச் சொல்கிறது. நற்றிணையின் 83ஆம் பாட்டில் தோழி ஊர்த் துறையடி மரத்தில் இருக்கிற கூகையோடு நேரே கதைக்கிறாள். அதன் வளைந்த அலகையும் தெளிந்த கண்ணையும் கூரிய நகத்தையும் சொல்லிவிட்டு, இறைச்சியோடு நெய்ச்சோறும் சுட்ட எலியும் தருகிறோம், காதலன் வருகிற நேரம் மட்டும் குழறி எங்களை நடுங்க வைக்காதே என்று கேட்கிறாள். அந்தப் பாட்டிலும் பயம் இருக்கிறது. ஆனால் பயப்படுகிறவள் பறவையை வடிவாகப் பார்த்திருக்கிறாள். அது என்ன தின்னும் என்பதும் அவளுக்குத் தெரியும்.

சகுனக் கணக்கும் பழையதுதான். ஆந்தை ஒருதரம் கத்தினால் சாவு, இரண்டுதரம் என்றால் நினைத்த காரியம் கைகூடும் என்று போகிற ஒரு சகுனப் பாட்டு உண்டு. பஞ்சபட்சி சாஸ்திரத்திலோ வல்லூறு, காகம், கோழி, மயில் ஆகியவற்றோடு ஆந்தையும் ஒரு பட்சி. பிறந்த நட்சத்திரத்தை வைத்துப் பார்த்தால் ஒவ்வொரு வீட்டிலும் ஒரு ஆந்தைக்காரர் இருப்பார். எங்கள் ஐந்து பேரிலும் ஒருத்திக்கு ஆந்தைதான். அவள் எத்தனைதரம் கத்தினாலும் ஒருவருக்கும் ஒன்றும் நடக்கவில்லை.

சரி, இனிப் பறவைகளுக்கு வருவோம்.

பிடிக்கிறதுக்கு மூன்று கேள்வி

இலங்கையில் குடியிருக்கிற ஆந்தை இனங்கள் 11. எப்போதாவது வலசையாக வந்து போகிற குறுங்காது ஆந்தையையும் சேர்த்தால் 12. இவற்றில் சில தெற்கின் ஈரக்காடுகளை விட்டு வெளியே வராது. வடக்கில் இருக்கிற நாங்கள் முதலில் பழகவேண்டியது ஐந்தாறு பறவைதான். அதற்குப் பெரிய கமெரா தேவையில்லை. மூன்று கேள்வி போதும். தலையில் கொம்பு மாதிரி இறகுக் குஞ்சம் நிற்கிறதா? கண் கறுப்பா மஞ்சளா? எப்படிக் கத்துகிறது? கடைசிக் கேள்விதான் பெரியது. ஏனென்றால் பத்துத்தரத்தில் ஒன்பதுதரம் ஆளைக் காணமுடியாது, சத்தம் மட்டும்தான் கிடைக்கும்.

முதலில் கூகை. இப்போதைய பறவை நூல்களில் கூகை என்றால், வெள்ளை முகம் இதய வடிவத்தில் இருக்கிற இந்தப் பறவைதான். கொம்பு இல்லை. கண் கறுப்பு. வயிறு வெள்ளை, முதுகு பொன்னும் சாம்பலும் கலந்த நிறம். ரோச் வெளிச்சத்தில் பறந்து போனால் ஒரு வெள்ளைத் துணி காற்றில் போன மாதிரி இருக்கும். பேய் கண்டோம் என்று சொல்கிறவர்களில் பாதிப் பேர் இதைத்தான் கண்டிருப்பார்கள் என்பது எங்கட எண்ணம். இது 'ஊ ஊ' என்று கூவாது. தொண்டை கிழிகிற மாதிரி ஒரு நீண்ட அலறல். பழைய பறவை நூல்கள் இதனை இலங்கையின் வடபகுதிப் பறவையாகவே சொல்லின. இப்போது தெற்கிலும் காண்கிறார்கள். பாழடைந்த வீடு, கோயில் கோபுரம், பழைய மண்டபத்து முகடு, பனம்பொந்து இவைதான் அதன் வீடு.

இரண்டாவது, ஒரு சாண் அளவான சின்ன ஆள். கொம்பு உண்டு. கண் கடும் மண்ணிறம். உடம்பெல்லாம் மரப்பட்டை நிறம், கழுத்தின் பின்புறம் வெளிறிய ஒரு பட்டி. பகலில் மாமரத்து இலைக்குள் கண்ணை மூடிக்கொண்டு இருந்தால் கொம்பு முறிந்த கிளை என்றுதான் நினைப்பீர்கள். சத்தம் 'வக்?' என்று ஒரு ஒற்றைச் சொல். கொஞ்சம் பொறுத்து மறுபடி 'வக்?'. ஏதோ கேட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திருக்கிற மாதிரி இருப்பதால் எங்கட குழுவில் அதற்குப் பெயர் கேள்வி ஆந்தை. யாழ்ப்பாணத்து வளவுகளில் தவளை என்று நினைக்கப்படுகிற ராத்திரிச் சத்தங்களில் கணிசமானவை இதன் சத்தம். சகுனப் பாட்டுக்காரர் இதை எண்ண வெளிக்கிட்டால் விடியும்வரை எண்ணவேண்டும்.

இந்தச் சின்ன ஆளுக்கு ஒரு பெரிய வரலாறு உண்டு. 1752 முதல் 1757 வரை இங்கே ஒல்லாந்த ஆளுநராக இருந்த யோன் கிடியோன் லோட்டன், பீற்றர் டி பெவர் என்ற உள்ளூர் ஓவியரைக் கொண்டு இலங்கையின் பறவைகளை வரைவித்தார். அந்தப் படங்களை ஆதாரமாக வைத்து 1769இல் தோமஸ் பெனன்ற் என்ற வேல்ஸ்காரர் இந்த ஆந்தைக்கு விஞ்ஞானப் பெயர் வைத்தார். ஓட்டுஸ் பக்கமூனா. சிங்களத்தில் ஆந்தையைப் பக்கமூணா என்பார்கள். அந்தச் சொல்லே அப்படியே உலகப் பெயராகிவிட்டது. ஒரு ஊர்ப்பேச்சுச் சொல் 250 வருசமாக விஞ்ஞானத்தில் இருக்கிறது. இதை அறிந்த அன்றைக்கு எங்களுக்குக் கொஞ்சம் பொறாமையும் வந்தது. எங்கட அம்மம்மாமார் ஒரு பெயரைச் சொல்லி, அதை யாரும் எழுதி வைத்திருந்தால் என்ன?

மூன்றாவது, ஆந்தை மாதிரியே இல்லாத ஆந்தை. கொம்பு இல்லை, வட்ட முகமும் இல்லை, நீளமான வால். தூரத்தில் பார்த்தால் வைரி மாதிரி இருக்கும். கண் மட்டும் பளிச்சென்ற மஞ்சள். 'ஊ-உக், ஊ-உக்' என்று இரண்டிரண்டாகச் சேர்த்து, அளவெடுத்த மாதிரிக் கூவும். கோயில் வீதி லைட்டில் ஈசல் வந்தால் பறந்து பறந்து பிடிக்கும்.

நான்காவது, வன்னிப் பக்கத்தின் சிற்றாந்தை. கைக்குள் அடங்குகிற உருண்டைத் தலை, உடம்பெல்லாம் குறுக்குக் கோடு, மஞ்சள் கண். பொழுது படமுதலே கத்தத் தொடங்கிவிடும், பட்டப்பகலிலும் சில வேளை கத்தும். மெதுவாகத் தொடங்கி வரவர வேகமெடுத்து, மோட்டார்சைக்கிள் ஸ்ராட் ஆகிற மாதிரிப் போய் நிற்கும்.

ஐந்தாவது, குளத்துக்காரன். மீன் ஆந்தை. இரணைமடு மாதிரிப் பெரிய குளங்களின் கரையில், மருதமரங்களின் மறைவில் இருக்கும். இரண்டடி வரை உயரம், கொம்பு உண்டு, கண் பொன்மஞ்சள். காலில் இறகு இல்லை, மீன் பிடிக்கிறவன் சாரத்தை மடித்துக் கட்டின மாதிரி. இதன் விஞ்ஞானப் பெயரிலும் சிலோன் இருக்கிறது, செய்லோனென்சிஸ் என்று. 'பூம்' என்று அடிவயிற்றில் இருந்து வருகிற சத்தம் குளக்கட்டில் நிற்கிறவருக்கு நெஞ்சில் கேட்கும்.

காட்டுக்குள் இன்னும் பெரிய ஆள் ஒருவர் இருக்கிறார். வெள்ளை வயிற்றில் அம்புமுனைப் புள்ளிகள், பக்கவாட்டில் சரிந்த கொம்பு, கறுத்த கண். சிங்கள மக்கள் உலமா என்று பயப்படுகிற சத்தம் இந்தப் பறவையுடையது என்பதுதான் பலர் ஏற்றுக்கொள்கிற விளக்கம். சந்தேகக்காரப் புருசன் ஒருத்தன் பிள்ளையைக் கொன்று கறியாக்கித் தாய்க்குக் கொடுக்க, சட்டிக்குள் விரலைக் கண்ட தாய் காட்டுக்குள் ஓடி அந்தப் பறவையானாள் என்று கதை. ராத்திரி அலறலுக்குப் பயப்படுகிற விசயத்தில் இந்த நாட்டில் இனபேதம் இல்லை.

பகலில் தேடுகிறவர்களுக்கு ஒரு சின்ன உபாயம். காகங்களும் புலுனிகளும் ஒரே மரத்தைச் சுற்றி விடாமல் கத்திக்கொண்டு நின்றால் அந்த மரத்துக்குக் கீழே போய்ப் பாருங்கள். பாம்பு இல்லையென்றால் ஆந்தை. பகலில் காகம் கூகையை வெல்லும் என்று வள்ளுவர் காலமறிதல் அதிகாரத்தை ஆரம்பிப்பது சும்மா இல்லை. அவரும் யாரோ ஒரு மரத்துக்குக் கீழே நின்று அண்ணாந்து பார்த்திருப்பார்.

அம்மாவின் காது

சத்தத்தை வைத்துப் பறவையை அறிகிறது எங்களுக்குக் கஷ்டமாக இருந்தது. எங்கட காது பாட்டுக்கும் அலாரத்துக்கும் பழகின காது. ஒரு நாள் தென்மராட்சிக்காரியின் வீட்டில் முற்றத்தில் இருந்து பதிவுகளைத் திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்டுக்கொண்டிருந்தோம். அவளுடைய அம்மா உள்ளே மா அரித்துக்கொண்டிருந்தவ, அங்கிருந்தே சொன்னா.

"உதில ரெண்டு பேர் கத்தினம். ஒண்டு கிட்ட, மற்றது பின் வளவுக்க. கிட்டக் கத்திறதின்ட குரல் மெல்லிசு."

திரும்பப் போட்டோம். உண்மைதான். கேள்வி ஆந்தை ஒன்று கேட்க, இன்னொன்று தூரத்தில் இருந்து பதில் சொல்லிக்கொண்டிருந்தது. ஐந்து பேர் இருபதுதரம் கேட்டும் பிடிபடாதது.

"எப்பிடி அன்ரி பிடிச்சனீங்கள்?"

"நாங்கள் பள்ளிக்கூடம் போன காலத்தில காதை வச்சுத்தானே உயிர் தப்பினது. சகடை எண்டா இழுத்து இழுத்து வரும், பதுங்கு குழிக்குப் போக நேரமிருக்கும். கிபிர் எண்டா சத்தம் கேக்கேக்க அது தலைக்கு மேல. ஹெலி எந்தப் பக்கத்தால வருது, வருதோ போகுதோ எண்டும் சொல்லுவம். செல் எண்டா குத்திற சத்தத்தில இருந்து எண்ணுறது."

மாவை அரித்துக்கொண்டே சொன்னா. நாங்கள் ஒன்றும் சொல்லவில்லை.

அதற்குப் பிறகு எங்களுக்குச் சாக்குருவி என்ற சொல் மேல் இருந்த இளக்காரம் குறைந்தது. சகடை, கிபிர், ஹெலி என்று வானத்தில் போனவற்றுக்கெல்லாம் ஒரு தலைமுறை தனித்தனிப் பெயர் வைத்திருந்தது. ஏனென்றால் பெயர் தெரிந்தால்தான் ஓடுவதா படுப்பதா என்று முடிவெடுக்கலாம். ஆந்தைகளை வேறுபடுத்தி அறிய அவர்களுக்கு அவகாசம் இருக்கவில்லை. ராத்திரிச் சத்தம் எல்லாம் கெட்ட சேதியாக இருந்த காலத்தில் ஆந்தையும் அதோடு சேர்ந்துவிட்டது. அதற்கு முந்தியும், வருத்தக்காரர் இருக்கிற வீட்டில்தான் ராத்திரி முழுக்க விளக்கு எரிந்திருக்கும், விளக்குக்குப் பூச்சி வரும், பூச்சிக்கு ஆந்தை வரும், நித்திரை இல்லாமல் இருக்கிறவர்கள் அதைக் கேட்பார்கள். விடியச் சாவு நடந்தால் கேட்ட சத்தம்தான் ஞாபகத்தில் நிற்கும். இது எங்கட ஊகம்தான், ஆனால் எங்களுக்குப் பொருத்தமாகப் படுகிறது.

இப்போது அந்த அம்மாதான் எங்கட குழுவின் பெரிய ஆள். புதிய பதிவு வந்தால் முதலில் அவவுக்குத்தான் போகும். வைரி மாதிரி இருக்கிற அந்த ஆந்தையை அவ 'ரெட்டைக் கூவல்' என்கிறா. நாங்களும் அப்படித்தான் எழுதுகிறோம். யாருக்குத் தெரியும், 250 வருசம் நிற்கலாம்.

காதுக்கு என்ன வலிமை என்பதற்குத் தெற்கில் ஒரு கதை இருக்கிறது. 1995இல் தீபால் வறக்காகொட என்ற பறவை ஆய்வாளர் கித்துல்கல காட்டில் தனக்குத் தெரிந்த எந்தப் பறவையோடும் பொருந்தாத ஒரு சத்தத்தைக் கேட்டார். ஆளைக் காணவில்லை. ஆறு வருசம் அந்தச் சத்தத்தை மனதில் வைத்துக்கொண்டு திரிந்தார். 2001 ஜனவரியில் சிங்கராஜ வனத்தில் ரோச் வெளிச்சத்தில் அது அகப்பட்டது. ஒரு சாண்கூட வராத, செம்மண் நிறமான, கொம்பு இல்லாத ஒரு குட்டி ஆந்தை. உலகத்துக்கே புதிய இனம். 2004இல் அதற்குப் பெயர் வைத்தார்கள், சிங்கராஜவைக் காப்பாற்றப் பாடுபட்ட தீலோ ஹொஃப்மன் என்பவரைக் கௌரவித்து. தமிழில் செரண்டிப் ஆந்தை எனலாம். இலங்கையில் அதற்கு முந்திப் புதிதாக ஒரு பறவை இனம் கண்டுபிடிக்கப்பட்டது 1868இல். இடையில் 130 வருசத்துக்கு மேல். அவ்வளவு காலமும் அந்த ஆந்தை அங்கேதான் கத்திக்கொண்டிருந்திருக்கும். "இது என்ன?" என்று ஒருவர் நின்று கேட்கவேண்டியிருந்தது, அவ்வளவுதான்.

புகைக்கூட்டுக்குள் ஐந்து பேர்

வலிகாமம் வடக்கில் 1990இல் இடம்பெயர்ந்த குடும்பங்களின் காணிகள் யுத்தம் முடிந்த பிறகு துண்டு துண்டாக விடுபட்டன. எங்களில் ஒருவனின் வீட்டுக் காணியும் அப்படி விடுபட்டதுதான். வீடு என்று சொல்வதற்கு நாலு சுவரும் ஹோலுக்குள் முளைத்த ஒரு ஆலமரமும் இருந்தன. ஓடு இல்லை, கதவு நிலை இல்லை. குசினிப் பக்கத்தில் புகைக்கூடு மட்டும் இடிபடாமல் நின்றது.

உடைத்துவிட்டுப் புதிதாகக் கட்டுவது என்று முடிவெடுத்து மேசன் வந்தார். குசினிக்குள் போனவர் போன வேகத்தில் திரும்பி வந்தார். "உள்ள பாம்பு சீறுது." எங்களுக்கு வேறு சந்தேகம். சுவரில் வெள்ளை வெள்ளையாக எச்சம் வழிந்திருந்தது. நிலத்தில் கறுத்த உருண்டைகள், பெருவிரல் மொத்தத்தில். ஆந்தை எலியை முழுசாக விழுங்கும். செமிக்காத மயிரையும் எலும்பையும் உருண்டையாக்கிக் கக்கிவிடும். அந்த உருண்டைதான் அது. பாம்பு மாதிரிச் சீறினது கூகைக் குஞ்சுகள். போனைப் புகைக்கூட்டுக்குள் நீட்டிப் படம் எடுத்துப் பார்த்தால் ஐந்து குஞ்சு. பெரியது முதல் சின்னது வரை ஐந்தும் ஐந்து அளவு. கூகை முட்டைகள் ஒரே நாளில் பொரிக்காது, நாள் இடைவெளி விட்டுத்தான் பொரிக்கும்.

மேசன் நல்ல மனுசன். ஆனால் சொன்னார், "தம்பி, கூகை குடியிருந்த இடத்தில மனுசர் இருக்கக்கூடாது. குஞ்சைத் தூக்கிப் போட்டிட்டு, ஐயரைக் கூப்பிட்டு ஒரு சாந்தி செய்யுங்கோ." பக்கத்து வளவுப் பெடியள் கல்லோடு வந்து நின்றார்கள். கெட்ட பெடியள் இல்லை. ஆந்தையைக் கண்டால் கல் எறிவது என்பது அவர்களுக்கு யாரோ சொல்லிக் கொடுத்த ஒரு வேலை.

எல்லாரும் அவனுடைய அப்பாவைப் பார்த்தோம். அவர் கொஞ்ச நேரம் புகைக்கூட்டையே பார்த்துக்கொண்டு நின்றுவிட்டுச் சொன்னார்.

"நாங்கள் இல்லாத நேரம் உதுகள்தானே வீட்டைப் பாத்தது. பறக்குமட்டும் இருக்கட்டும்."

கூகைக் குஞ்சு பறப்பதற்கு ஏறத்தாழ இரண்டு மாதம் எடுக்கும். வேலை முன்பக்கத்தில் இருந்து தொடங்கியது, குசினி கடைசியாக. அந்த இரண்டு மாதமும் பெடியளுக்கு நாங்கள் ஒரு வேலை கொடுத்தோம். உருண்டைகளைப் பொறுக்கி, தண்ணீரில் ஊறவைத்து, ஊசியால் பிரிப்பது. ஒரு உருண்டைக்குள் மூன்று மண்டையோடு வந்த நாள் அவர்கள் துள்ளின துள்ளல் சொல்லி மாளாது. உளி மாதிரி மஞ்சள் பல்லென்றால் எலி. ஊசி ஊசியாக இருந்தால் மூஞ்சூறு. கல்லோடு வந்த பெடியன் ஒருவன் கடைசியில் வயல்காரத் தகப்பனிடம் போய், "அப்பா, இது எங்கட வயல் எலியைத்தான் தின்னுது" என்று விளங்கப்படுத்தியிருக்கிறான்.

குஞ்சுகள் ஐந்தில் நாலு பறந்தன. சின்னது தப்பவில்லை. புகைக்கூடு உடைக்கப்பட்டது. காணி எல்லையில் நிற்கிற தலையில்லாத பனை ஒன்றில் பலகைப் பெட்டி ஒன்று கட்டிவிட்டிருக்கிறோம். இப்போது அதற்குள் குளவி கூடு கட்டியிருக்கிறது. கூகை வருமோ வராதோ, பெட்டி அங்கேதான் இருக்கும்.

ஏன் இவ்வளவு மெனக்கெடவேண்டும்?

2024 டிசம்பரில் யாழ்ப்பாணத்தில் எலிக்காய்ச்சல் பரவி உயிர்கள் போனதை மறந்திருக்க மாட்டீர்கள். கூகை இருந்தால் காய்ச்சல் வராது என்று நாங்கள் சொல்லவில்லை. அது வைத்தியர்களும் சுகாதாரப் பரிசோதகர்களும் பார்க்கவேண்டிய விசயம். ஆனால் எலிக்குப் பயப்படுகிற ஊர், ராத்திரி ராத்திரியாக எலி பிடிக்கிற ஒன்றைக் கல்லால் எறிவது கணக்குக்கு ஒத்துவரவில்லை. மலேசியாவில் எண்ணெய்ப்பனைத் தோட்டங்களில் எலியைக் குறைக்கவென்றே கூகைக்குப் பெட்டி கட்டிவிடுகிறார்கள்.

எலி மருந்து இன்னொரு பிரச்சினை. இப்போது கடையில் விற்கிற மருந்துகளில் பல, எலியை உடனே கொல்லாது. இரத்தம் உறையவிடாமல் செய்து நாள் கணக்கில் மெதுவாகக் கொல்லும். அந்த நாட்களில் தள்ளாடித் திரிகிற எலிதான் ஆந்தைக்கு லேசாக அகப்படும். எலிக்கு வைத்தது ஆந்தைக்கும் போகும். வீடு திருத்துகிறோம் என்று பொந்தெல்லாம் அடைக்கிறோம், பட்ட பனையைத் தறிக்கிறோம், வீதி அகலிக்க மருதமரத்தை விழுத்துகிறோம். இவை எல்லாம் அபிவிருத்திதான், வேண்டாம் என்று சொல்ல முடியாது. ஆனால் தறிக்க முந்தி, உடைக்க முந்தி, உள்ளே ஆர் இருக்கினம் என்று ஒருதரம் பார்க்கலாம். ஆர் என்று கேட்பதற்கு அவர்களின் பெயர் தெரிந்திருக்க வேண்டும். ஆந்தையை இனம் பிரித்து அறிவது என்பதில் எங்களுக்கு இருக்கிற அக்கறை இதுதான். மீன் ஆந்தைக்குத் தேவை குளக்கரை மரம். கூகைக்குத் தேவை பொந்து. கேள்வி ஆந்தைக்குத் தேவை அடர்ந்த மாமரம். 'சாக்குருவி'க்கு ஒன்றும் தேவையில்லை, அதைக் கலைத்தால் போதும். பெயர் மாறினால் நாங்கள் செய்வதும் மாறும்.

நீங்களும் தொடங்கலாம். ஒரு பழைய கொப்பி போதும். திகதி, நேரம், இடம், எந்த மரம், எப்படிக் கத்தியது. சத்தத்தை உங்களுக்குக் கேட்ட மாதிரித் தமிழ் எழுத்தில் எழுதுங்கள். 'வக்' என்று எழுதுவீர்களோ 'ங்க்' என்று எழுதுவீர்களோ பரவாயில்லை. போனில் ஒரு நிமிசம் பதிவு செய்யுங்கள். மழை ஓய்ந்து காற்று இல்லாத ராத்திரி நல்லது. பிறகு வீட்டில் வயசான ஆட்களிடம் போட்டுக் காட்டுங்கள். அவர்கள் சொல்கிற பெயரையும் கதையையும் பக்கத்திலேயே எழுதுங்கள். சகுனக் கதையாக இருந்தாலும் எழுதுங்கள்.

செய்யக்கூடாததும் சில உண்டு. போனில் ஆந்தைச் சத்தத்தைப் போட்டு அதை வரவைக்க வேண்டாம். வேறொரு ஆந்தை தன் இடத்துக்கு வந்துவிட்டது என்று அது கலங்கும். கூட்டுக்குள் ஃப்ளாஷ் அடிக்க வேண்டாம். கூடு இருக்கிற இடத்தை ஃபேஸ்புக்கில் போட வேண்டாம். விழுந்த குஞ்சை வீட்டில் வளர்க்க நினைக்க வேண்டாம், அது சட்டப்படியும் பிழை. காயம் இல்லாத குஞ்சென்றால் பூனை, நாய் எட்டாத உயரத்தில், கூட்டுக்குக் கிட்ட வைத்துவிட்டு விலகுங்கள். தாய் ராத்திரி வரும். காயம் என்றால் வனசீவராசிகள் திணைக்களத்தின் 1992 இலக்கத்துக்கு எடுங்கள்.

எங்கட கொப்பியில் இதுவரை ஐந்து இனம் ஏறியிருக்கிறது. காட்டு ஆள் இன்னும் இல்லை. வவுனியாக்காரன் ஒவ்வொரு கிழமையும் "இந்தக் கிழமை கட்டாயம்" என்கிறான். உங்கட ஊரில் ராத்திரி ஏதாவது கத்தினால் எழுதி அனுப்புங்கள். செத்தது யார் என்று கேட்கமாட்டோம். கத்தினது யார் என்றுதான் கேட்போம்.